மஞ்சள் காணியில் நின்ற போர்டு

அனுப்புநர்:
து. மணவாளன்,
த/பெ. துளசிராமன்,
உரிமையாளர், ஸ்ரீ ஜானகி உர டிப்போ,
கடைத்தெரு, ஆரம்பாக்கம்.
(குடியிருப்பு: புங்கமேடு கிராமம், பொன்னேரி வட்டம்)

பெறுநர்:
உயர்திரு மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
செங்கற்பட்டு மாவட்டம்,
காஞ்சிபுரம்.

பொருள்: வேளாண் விஞ்ஞானி டாக்டர் ஆதிகேசவன் என்பவர் "தழையும் தண்ணீரும்" என்ற பெயரில் எடுத்து ஊர் ஊராகக் காட்டிவரும் செய்திப்படத்தால் மனுதாரரின் வியாபாரத்துக்கும் குடும்ப மானத்துக்கும் ஏற்பட்டுள்ள கேடு – படத்தைத் தடை செய்யவும், வரும் பங்குனியில் திருவள்ளூர் விவசாயக் கண்காட்சியில் அதைக் காட்டாமல் நிறுத்தவும் வேண்டுவது – தொடர்பாக.

பெருமதிப்பிற்குரிய ஐயா,

1. தங்களுக்கு நேரம் குறைவு என்பது எனக்குத் தெரியும். எனக்கும் ஒரு காலத்தில் நேரம் குறைவாகத்தான் இருந்தது. பொங்கலுக்குப் பிறகு கடையில் ஈ ஓட்டிக்கொண்டிருக்கிறபடியால் இந்த மனுவைச் சற்று விரிவாகவே எழுத முடிகிறது. பொறுத்தருள வேண்டும்.

2. நான் நேர்மையான உர வியாபாரி. ஆந்திர எல்லையைத் தாண்டி மூட்டையை அந்தப் பக்கம் தள்ளினால் கொழுத்த லாபம் என்று ஆசை காட்டிய லாரிக்காரர்கள் உண்டு. என் கடை மூட்டை ஒன்றுகூட அந்த எல்லையைத் தாண்டியதில்லை. எனக்கு லைசென்சு கொடுத்தது வேளாண்மைத் துறை. உரம் போடுங்கள், விளைச்சலைப் பெருக்குங்கள் என்று சுவர் சுவராக எழுதி வைத்ததும் அதே துறை. இப்போது அதே துறையில் சம்பளம் வாங்குகிற ஒருவர், சர்க்கார் வேனில் படக்கருவியை ஏற்றிக்கொண்டு வந்து, மூட்டை உரத்தைக் குறையுங்கள், தழையை மிதியுங்கள் என்கிறார். சர்க்கார் எந்த வாயால் சொல்வதை நாங்கள் கேட்பது என்று விளங்கவில்லை. தாங்களாவது விளக்கினால் நலம்.

3. மேற்படி டாக்டர் ஆதிகேசவன் பெரிய படிப்புப் படித்தவர் என்கிறார்கள். இருக்கலாம். கால்சட்டையை முழங்காலுக்கு மேலே சுருட்டிக்கொண்டு யார் வயலிலும் இறங்கிவிடுவார். மண்ணைக் கையில் அள்ளி முகர்ந்து பார்ப்பார். ஒருமுறை நாக்கில் வைத்ததையும் நானே பார்த்தேன். மண்ணைத் தின்கிறவரைப் பற்றி நான் வேறு என்ன எழுதுவது? "நிலம் நம் பிள்ளைகளுக்கும் மிச்சம் இருக்க வேண்டும்" என்பது அவர் போகிற இடமெல்லாம் பாடுகிற பல்லவி. எனக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள். உரம் விற்ற காசில்தான் அவர்கள் பள்ளிக்கூடம் போகிறார்கள் என்பதைத் தங்கள் மேலான கவனத்துக்குக் கொண்டுவருகிறேன்.

4. இனி விஷயத்துக்கு வருகிறேன். புங்கமேட்டில் எனக்குச் சொந்தமான நிலம் ரயில் பாதைக்கு மேற்கே இருக்கிறது. பாதைக்குக் கிழக்கே, பஸ் போகிற சாலையை ஒட்டி இருக்கிற வயல் என் மனைவி ஜானகியம்மாளுடையது. எங்கள் கல்யாணத்தின்போது அவள் பிறந்தகத்தார் மஞ்சள் காணியாக எழுதிக் கொடுத்தது. பட்டா அவள் பெயரில். எங்கள் பக்கத்து வழக்கப்படி மஞ்சள் காணியில் புருஷன் கை வைப்பதில்லை. என்ன விதைப்பது, எப்போது அறுப்பது என்பதெல்லாம் பெண்பிள்ளையின் பொறுப்பு. நானும் அந்த வழக்கத்தை மீறினவன் அல்ல. இதைக் குறிப்பாக எழுதுவதற்குக் காரணம் உண்டு. பின்னால் வரும்.

5. நான் அந்த வயலில் செய்தது ஒன்றே ஒன்றுதான். சாலையில் போகிற வருகிறவர்கள் பார்க்கும்படியாக ஒரு போர்டு நட்டேன். "ஸ்ரீ ஜானகி உர டிப்போவின் உரமிட்டு விளைந்த வயல்" என்று பச்சை எழுத்தில் கும்மிடிப்பூண்டி பெயிண்டரைக் கொண்டு எழுதி வாங்கினேன். கடைக்கே அவள் பெயரைத்தான் வைத்திருக்கிறேன் என்பதைத் தாங்கள் மேலே கவனித்திருப்பீர்கள். போகத்துக்குப் போகம் அந்த வயலுக்கு வேண்டிய உர மூட்டைகளை, என் வண்டிக்காரன் துலுக்காணத்திடம் ஏற்றி அனுப்பிவிடுவேன். புருஷன் பெண்டாட்டியிடம் விலை கேட்பானா? சும்மாதான் அனுப்பினேன்.

6. அந்த வயல் நன்றாக விளைந்தது. இதை யாரும் மறுக்கவில்லை. அடுத்த வயல்களில் புகையான் பூச்சி விழுந்து பயிர் வைக்கோலாகக் கருகிய வருஷத்திலும் அது நின்றது. மழையில் சுற்றிலும் பயிர் படுத்தபோதும் அது படுக்கவில்லை. கடைக்கு வந்து இழுத்தடிக்கிற ஒவ்வொருவரையும், "நான் சொல்வதை நம்ப வேண்டாம், போய் என் வீட்டுக்காரியின் வயலைப் பார்த்துவிட்டு வா" என்று அனுப்புவேன். பார்த்துவிட்டு வந்தவர்கள் மறுபேச்சில்லாமல் வாங்கிப் போனார்கள். இந்த வட்டாரத்தில் என் வியாபாரம் வளர்ந்தது அந்த வயலால்தான். விளைந்ததற்குக் காரணம் எது என்பதில்தான் இப்போது தகராறு.

7. சென்ற சம்பா பருவத்தில் மேற்படி டாக்டர், பட்டணத்திலிருந்து ஒரு படப்பிடிப்பாளரை அழைத்துக்கொண்டு அந்த வயலில் வந்து இறங்கினார். அவர்கள் வரப்போகிற விஷயம் முன்கூட்டியே கேள்விப்பட்டு நான் மகிழ்ந்தேன் என்பதை மறைக்க விரும்பவில்லை. காசு கொடுத்தாலும் கிடைக்காத விளம்பரம் என்று நினைத்தேன். படம் எடுக்க வருவதற்கு முன்தினம் நானே போய், மண்ணெண்ணெய் தொட்ட துணியால் போர்டைத் துடைத்து வைத்துவிட்டு வந்தேன். படம் எடுத்தபோது நான் கடையில் இருந்தேன். என் மனைவி வரப்பில் நின்று டாக்டருடன் பேசிக்கொண்டிருந்ததாக ஆள் வந்து சொன்னான். போர்டு படத்தில் விழுந்ததா என்று மட்டும் கேட்டேன். விழுந்தது என்றான்.

8. காணும் பொங்கலுக்கு மறுநாள் புங்கமேடு பள்ளிக்கூட மைதானத்தில் அந்தப் படத்தை முதன்முதலாகக் காட்டினார்கள். திரைக்கு வேண்டிய துணி என்னுடையது. இரண்டு எட்டு முழ வேட்டிகளைச் சேர்த்துத் தைத்துக் கொடுத்தேன். தமுக்கு அடிக்க ஆள் வைத்தது நான். முன்வரிசையில் டாக்டருக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு எனக்கு மாலையும் போட்டார்கள். என் வாடிக்கைக்காரர்கள் அத்தனை பேரும் குடும்பத்தோடு வந்திருந்தார்கள். ஐயா, ஒருவன் தன் சொந்தச் செலவில் தமுக்கு அடித்து ஊரைக் கூட்டி, தன் வேட்டியையே திரையாகக் கட்டி அவமானப்பட்ட கதை தங்கள் மாவட்டத்தில் வேறு எங்கும் நடந்திராது.

9. முதலில் வயல் வந்தது. போர்டு வந்தது. கூட்டம் என்னைத் திரும்பிப் பார்த்தது. நான் தலையசைத்தேன். பிறகு என் மனைவி வந்தாள். அவள் மூக்குத்தி மட்டும் வண்டிச் சக்கரத்தளவு இருந்தது. அங்கே நடந்த பேச்சை உள்ளது உள்ளபடி எழுதுகிறேன். கொச்சையைத் திருத்தினால் சாட்சியம் கெட்டுவிடும் என்பதால் திருத்தவில்லை.

டாக்டர் படத்துக்குள்ளிருந்து கேட்கிறார்: "போர்டுல போட்டிருக்கிற உரத்தைத்தான் போட்டீங்களாம்மா?"

என் மனைவி சொல்கிறாள்: "அது போர்டு சார். அது பாட்டுக்கு நின்னுகினு கீது. காக்கா குந்தறதுக்குத் தோதா கீது."

"அப்போ மூட்டை வருமே?"

"வரும். வந்த வண்டிலயே திரும்பிப் பூடும். மொத ரெண்டு போகம் போட்டுப் பாத்தன். பயிரு மதமதன்னு வளந்து, பூச்சி உழுந்து, படுத்துக்கிச்சி. அப்பால நான் போடல. கொழிஞ்சி வெதச்சி மடக்கி உழறேன், புங்கந்தழ மெதிக்கறேன், ஆட்டுக் கெட போட்றேன். அவ்ளோதான்."

"இது உங்க வீட்டுக்காரருக்குத் தெரியுமா?"

"அவருக்கா?" என்று கேட்டுவிட்டுச் சிரித்தாள்.

10. மைதானம் மொத்தமும் சேர்ந்து சிரித்தது. நான் மாலையைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டேன். அதற்குப் பிறகு படத்தில் என்ன வந்தது என்பதை நான் பார்க்கவில்லை.

11. மறுநாள் விடிந்ததும் துலுக்காணத்தை நிறுத்தி வைத்துக் கேட்டேன். அவன் மாட்டின் கழுத்தைத் தடவிக்கொண்டே, "அம்மா எறக்காதேன்னாங்கோ, கடைப் பின்னாலயே கொணாந்து அடுக்கிட்டேன். ஊட்ல இன்னாத்துக்கு நைனா பேஜாருன்னு உங்களாண்ட சொல்லல" என்றான். ஆக, நான் போகத்துக்குப் போகம் என் மனைவிக்கு அனுப்பிய மூட்டைகளை என் கிடங்கிலிருந்தே எடுத்து, அவள் வயலைக் காட்டி, ஊராருக்கு விற்றிருக்கிறேன். இதில் மோசடி என்று ஒரு சொல்லைச் சிலர் பயன்படுத்துகிறார்கள். தெரியாமல் செய்வது மோசடி ஆகாது என்பதைத் தாங்கள் நன்கு அறிவீர்கள்.

12. அன்று முதல் நான் படுகிற பாடு இது. சாலையில் சைக்கிளில் போனால் சின்னப் பையன்கள் "அவருக்கா?" என்று கத்திவிட்டு ஓடுகிறார்கள். கும்மிடிப்பூண்டி பஸ்ஸில் கண்டக்டர், "உங்களுக்கா டிக்கெட்டு, அவருக்கா?" என்று கேட்டுவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்கிறான். எளாவூர் தேசப்பன், என்னிடம் பல வருஷமாக வாங்குகிறவர், கடை வாசலில் நின்றுகொண்டு, "மொதல்ல உங்க ஊட்டம்மாளுக்கு வித்துட்டு வாங்க, அப்பால நான் வாங்கறேன்" என்றார். போர்டை எடுத்துவிடலாமா என்றால், எடுத்தால் ஒப்புக்கொண்டதாகிவிடும். விட்டுவைத்தால் அதைப் பார்க்கவென்றே ஜனங்கள் பஸ்ஸை விட்டு இறங்குகிறார்கள். நேற்றும் அதன்மேல் காக்கை உட்கார்ந்திருந்தது.

13. நான் மேற்படி டாக்டரை நேரில் கண்டு ஆட்சேபித்தேன். என் அனுமதி இல்லாமல் என் மனைவியை எப்படிப் படம் பிடித்தீர் என்று கேட்டேன். "நிலம் அவங்க பேர்ல இருக்கு. பேசினது அவங்க. கையெழுத்தும் அவங்க போட்டுக் குடுத்திருக்காங்க. உங்க கிட்ட நான் என்னன்னு கேக்கறது மணவாளன்?" என்றார். குரலை உயர்த்தாமல் சொன்னார். உயர்த்தியிருந்தால் எனக்குச் சண்டை போடவாவது வசதியாக இருந்திருக்கும். எங்கள் வழக்கத்தை எனக்கே எதிராகத் திருப்பிவிட்டார் என்பதைத் தாங்கள் காண வேண்டும். கடைசியில், உங்கள் கடையிலும் ஒரு படம் எடுக்கலாமே, எந்த நிலத்துக்கு எவ்வளவு உரம் போதும் என்று நீங்களே சொல்லுங்களேன் என்றார். இதைக் கேலி என்று எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். கேலியாக இல்லாமலும் இருக்கலாம். அது இந்த மனுவுக்குப் புறம்பானது.

14. பிறகு நான் என் மனைவியைக் கேட்டேன். இத்தனை வருஷம் என்னிடம் ஒரு வார்த்தை சொல்லாமல், யாரோ ஒருவர் கொண்டுவந்த, படம் பிடிக்கிற கண்ணாடிக் குழாயிடம் போய்ச் சொன்னாயே என்றேன். அவள் முறத்தில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை. "நீங்க எல்லாருக்கும் என் வயலக் காட்டனீங்க. என்னா போட்றேன்னு ஒரு நாளும் என்னியக் கேக்கல. அவரு கேட்டாரு" என்றாள். முதல் வருஷமே சொல்ல வந்ததாகவும், கடையில் ஆள் இருக்கிறது, அப்புறம் பேசலாம் என்று நான் அனுப்பிவிட்டதாகவும் சொல்கிறாள். எனக்கு அப்படி எதுவும் நினைவில்லை. கடையில் எப்போதுமே ஆள் இருந்தது.

15. சாட்சியம் திரட்டுவது மனுதாரரின் கடமை என்பதால், அதன்பிறகு படத்தை எளாவூரில் காட்டியபோதும், பழவேற்காடு பக்கம் மீனவர் குப்பத்தில் காட்டியபோதும் நான் போயிருந்தேன். முன்னால் உட்கார்ந்தால் அடையாளம் தெரிந்துவிடும். ஆகையால் திரைத்துணிக்குப் பின்பக்கம் போய், துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். பின்னாலிருந்து பார்த்தால் எல்லாம் இடம் வலமாக இருக்கிறது. என் போர்டின் எழுத்துகள் கண்ணாடியில் தெரிவது போல் திரும்பிப் போய், யார் கடை என்றே தெரியவில்லை. என் மனைவி இடது கையால் தழை வீசுகிறாள். மூக்குத்தி மாறி இருக்கிறது. அவளைப் போலவே இருக்கிற வேறு யாரோ ஒருத்தி என்று நினைத்துக்கொள்ளலாம். சிறிது நேரம் அப்படித்தான் நினைத்துக்கொண்டேன்.

16. ஆனால் ஐயா, புங்கமேட்டில் நான் எழுந்து வந்துவிட்ட அந்த இடத்தோடு அவள் பேச்சு முடியவில்லை. இதைத்தான் நான் தங்களிடம் முக்கியமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. "அவருக்கா?" என்று கேட்டுச் சிரித்த பிறகு, முந்தானையால் வாயைப் பொத்துகிறாள். கையில் இருக்கிற தழையைக் கிள்ளுகிறாள். பிறகு தலையைக் குனிந்துகொண்டு வெகுநேரம் ஏதோ பேசுகிறாள். வீட்டில் அவள் அவ்வளவு நேரம் தொடர்ந்து பேசி நான் கேட்டதில்லை. என்ன பேசுகிறாள் என்பது பின்னாலிருந்து கேட்கவில்லை. குழாய் ஸ்பீக்கரை ஜனங்கள் பக்கம் திருப்பிக் கட்டிவிடுகிறார்கள்; ஜெனரேட்டரை, சத்தம் ஜனங்களுக்குத் தொந்தரவாக இருக்கக் கூடாது என்று, திரைக்குப் பின்னால், நான் உட்கார்ந்திருந்த இடத்துக்குப் பக்கத்தில் கொண்டுவந்து வைக்கிறார்கள். இந்த ஏற்பாட்டையும் நான் ஆட்சேபிக்கிறேன்.

17. எனக்குக் கேட்டது ஒன்றுதான். அவள் சிரித்தபோது திரைக்கு அந்தப் பக்கம் ஜனங்களும் சிரித்தார்கள். அதற்கப்புறம் அவள் பேசுகிறபோது ஒருவரும் சிரிக்கவில்லை. எளாவூரில் கூட்டம் அப்படியே அடங்கிப்போனது. குப்பத்தில், திரை ஓரமாகக் கைக்குழந்தையை மடியில் போட்டு உட்கார்ந்திருந்த ஒரு பெண்பிள்ளை மூக்கைச் சிந்தியது ஜெனரேட்டரைத் தாண்டிக் கேட்டது.

18. என்ன சொன்னாள் என்று விசாரித்தேன். ஆளுக்கொன்று சொல்கிறார்கள். என்னைப் பெருமையாகச் சொன்னாள் என்கிறான் ஒருவன். என்னைத் தோலுரித்துவிட்டாள் என்கிறான் இன்னொருவன்; அவன் எனக்குப் போட்டிக் கடைக்காரன், நம்புவதற்கில்லை. துலுக்காணம், "நல்லாத்தான் சொல்லிச்சி நைனா" என்பதோடு வாயை மூடிக்கொண்டு வண்டியைப் பூட்டப் போய்விட்டான். என் மனைவியையே கேட்டேன். "நீங்களே போயி முன்னால குந்திப் பாருங்களேன்" என்று சொல்லிவிட்டு, எனக்கு மோர் ஊற்றினாள்.

19. இந்த நிலையில், வரும் பங்குனியில் திருவள்ளூர் கண்காட்சியில் இந்தப் படத்தைக் காட்டப் போவதாகவும், தங்கள் திருக்கரத்தால் என் மனைவிக்குப் பொன்னாடை போர்த்தப் போவதாகவும் வீட்டுக்கு அழைப்பிதழ் வந்திருக்கிறது. "திருமதி ஜானகியம்மாள் அவர்களும் குடும்பத்தினரும்" என்று மேலே எழுதியிருக்கிறது. அந்தக் குடும்பத்தினர் நான்தான் என்று நினைக்கிறேன்.

ஆகவே தங்கள் சமூகம் தயவு செய்து,

(அ) "தழையும் தண்ணீரும்" என்ற படத்தை மாவட்டம் முழுவதும் உடனே தடை செய்ய வேண்டும்.

(ஆ) மேற்படி டாக்டர் ஆதிகேசவனைத் தண்ணீரில்லாத காட்டுக்கு மாற்ற வேண்டும். அங்கே போயும் அவர் தழை தேடுவார் என்பது எனக்குத் தெரியும். இருந்தாலும் இந்தப் பக்கம் இருக்க மாட்டார்.

(இ) தடை செய்ய இயலாதென்றால், "அது போர்டு" என்பதில் தொடங்கி "அவருக்கா?" என்பது வரையிலான பகுதியை வெட்டி எறிய உத்தரவிட வேண்டும்.

(ஈ) வெட்டுகிறவர்கள் கைதவறி அதற்கு அடுத்த பகுதியையும் சேர்த்து வெட்டிவிடக் கூடாது. அந்தப் பகுதியில் என் மனைவி பேசுகிற பேச்சை, ஒரு சொல் விடாமல், கொச்சை திருத்தாமல் எழுதி, அதிகாரி கையொப்பமும் முத்திரையும் இட்ட நகல் ஒன்றை எனக்கு வழங்க வேண்டும். அதற்குரிய கட்டணம் எதுவானாலும் செலுத்தத் தயாராக இருக்கிறேன்.

மேற்கண்ட எதற்குமே சட்டத்தில் இடமில்லை என்று தங்கள் அலுவலகத்தில் சொல்வார்களேயானால், கடைசியாக ஒன்று. திருவள்ளூரில் படம் காட்டுகிற அன்று எனக்கு ஒரு நாற்காலி, திரைக்கு முன்பக்கத்தில், ஸ்பீக்கர் நன்றாகக் கேட்கிற இடத்தில் போடச் சொல்ல வேண்டுகிறேன். மாலை வேண்டாம். கூட்டம் சிரித்துக்கொள்ளட்டும். இந்த முறை நடுவில் எழுந்து போகமாட்டேன் என்று இதன்மூலம் உறுதி கூறுகிறேன்.

இடம்: ஆரம்பாக்கம்
நாள்: 8-3-1974

தங்கள் உத்தரவை எதிர்நோக்கும்,
(ஒப்பம்) து. மணவாளன்
ஜானகியம்மாளின் கணவன்